அடிக்குறிப்பில் இல்லாத பெயர்

‘நான் யார்’ என்பது ஒரு கறுப்பினக் குழந்தைக்கு எப்போது நிறமாகத் தெரியவருகிறது? 1939இல் ஹோவர்ட் பல்கலைக்கழகத்தில் தம் முதுகலை ஆய்வில் இதைக் கேட்டவர் மேமி ஃபிப்ஸ் கிளார்க். பிறகு கணவர் கென்னத்தோடு சேர்ந்து 253 கறுப்பினக் குழந்தைகள் முன் பழுப்பும் வெள்ளையுமாக நான்கு பொம்மைகளை வைத்தார். மூன்றில் இரண்டு பங்குக் குழந்தைகள் விளையாட வெள்ளைப் பொம்மையையே கேட்டார்கள். கடைசிக் கேள்வி, ‘எது உன்னைப் போல் இருக்கிறது?’ சில குழந்தைகள் அழுதார்கள். தனிப்பள்ளி இல்லாத வடக்கில் வெள்ளை விருப்பம் இன்னும் அதிகம். ஆக, பள்ளி மட்டுமே காரணமல்ல.

நம் சுயமதிப்பில் ஒரு பகுதி நாம் சேர்ந்த குழுவிலிருந்து வருகிறது என்றார்கள் தாஜ்ஃபெலும் டர்னரும், 1979இல். தாழ்த்தப்பட்ட குழுவிலிருந்து தனியாள் விலகிப்போகப் பார்க்கலாம். விலக வழியில்லை, இந்த நிலை நியாயமுமில்லை, மாறவும் கூடும் என்று படும்போதுதான் சேர்ந்து எதிர்க்கிறார்கள். 1951இல் வர்ஜீனியாவில் 16 வயது பார்பரா ஜான்ஸ் சக மாணவர்களைத் திரட்டி வகுப்புகளைப் புறக்கணித்தது இப்படித்தான்.

அதிலிருந்து எழுந்த வழக்கில் நிறப்பிரிவினைக்காகச் சாட்சி சொன்னவர் ஹென்றி காரெட், கொலம்பியாவில் மேமியின் ஆய்வு வழிகாட்டி. மறுத்துச் சாட்சி சொன்னவர் மேமி. அந்த வழக்கும் சேர்ந்த 1954 தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் தனிப்பள்ளிகளைச் செல்லாதவை என்றது. தீர்ப்பின் 11ஆம் அடிக்குறிப்பில் கென்னத் இருக்கிறார், மேமி இல்லை. அது மேமியின் ஆய்வு, தாம் பின்னால் வந்து சேர்ந்தவர் என்று கென்னத்தே சொல்லியிருக்கிறார்.