லேப்டாப்பில் இயர்பட்ஸ் இணைத்தல்: கோவில்பட்டிக் கரிசல் வட்டாரம்

கம்பியில்லாக் காதுக்கருவியான இயர்பட்ஸைப் புளூடூத் வழியே லேப்டாப்போடு சேர்த்துக் கேட்பதும் பேசுவதும் இக்கட்டுரையின் பொருள். தூத்துக்குடி மாவட்டத்துக் கோவில்பட்டியும், எட்டயபுரம், கயத்தாறு, கழுகுமலை, விளாத்திகுளம் என அதைச் சூழ்ந்த ஊர்களும் மானாவாரிக் கரிசல் பூமி. தீப்பெட்டிக்கும் கடலைமிட்டாய்க்கும் பெயர்போன இந்த வட்டாரத்தில், 1984-இல் கே.ஆர். நகரில் தொடங்கிய நேஷனல் பொறியியல் கல்லூரி போன்றவற்றுக்குச் சுற்றுப்பட்டிக் கிராமங்களிலிருந்து பிள்ளைகள் பஸ் ஏறி வந்து படிக்கிறார்கள். இப்படிப்பட்ட ஊர்களில் பொதுவாகப் போன் முதலில் கைக்கு வருகிறது. போனுக்கென்று இயர்பட்ஸ் வாங்கப்படுகிறது. லேப்டாப் கடைசியாக வந்து சேர்கிறது. தமிழக அரசு 2011 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டம் முதல், இரண்டு ஆண்டுகளில் 20 லட்சம் கல்லூரி மாணவர்களுக்கு மடிக்கணினியோ கைக்கணினியோ தருவதாக 2025 மார்ச் நிதிநிலை அறிக்கை அறிவித்தது வரை, லேப்டாப் வீட்டுக்குள் வரும் வழி பெரும்பாலும் படிப்புதான். இணையவழி வகுப்பு, வேலைக்கான நேர்காணல் என்று வரும்போது இயர்பட்ஸ் ‘மக்கர்’ பண்ணுகிறது. பழுது என்று கடைக்குக் கொண்டுபோகப்படும் இந்தத் தொல்லைகளில் பலவற்றுக்குக் காரணம் பழுதல்ல. இயர்பட்ஸ் போனுக்கென்று வடிவமைத்த பொருள். லேப்டாப் அதற்கு விருந்தாளி. இதைப் புரிந்துகொண்டால் எது சரியாகும், எது சரியாகாது என்பதை முன்கூட்டியே சொல்லிவிடலாம்.

இதற்கு ஒரு மறுப்பு உடனே எழும். 1998-இல் புளூடூத் கூட்டமைப்பைத் தொடங்கிய ஐந்து நிறுவனங்களில் எரிக்சனும் நோக்கியாவும் போன் தயாரித்தவை. ஐபிஎம், இன்டெல், தோஷிபா மூன்றும் கணினித் தரப்பு. அப்படியிருக்க லேப்டாப் எப்படி விருந்தாளியாகும்? ரேடியோத் தரம் இரண்டு தரப்புக்கும் பொதுதான், சந்தேகமில்லை. ஆனால் அந்த ரேடியோவின் மேல் ஓடும் ஒலி விதிகள் வேறு கதை. மைக்கோடு சேர்ந்து இயங்கும் ‘கைபடாப் பேச்சு’ (ஹேண்ட்ஸ்-ஃப்ரீ) விதி, கார் ஓட்டுபவர் போனைத் தொடாமல் பேசுவதற்காக வகுக்கப்பட்டது. பாட்டு கேட்பதற்கான ஏ2டிபி விதி தனியாக வந்தது. ஒரு கருவி பாட்டுக்கும் பேச்சுக்கும் ஒரே நேரத்தில் உயர்தரத்தில் உதவ வேண்டும் என்ற தேவை அப்போது யார் மனதிலும் பெரிதாக இல்லை. போனில் பேச்சு வந்தால் பாட்டு நிற்கும். பேச்சு முடிந்தால் பாட்டு தொடரும். ஆனால் லேப்டாப்பில் வகுப்பு நடக்கும்போது ஆசிரியர் ஓடவிடும் வீடியோவும் மாணவரின் மைக்கும் சேர்ந்தே திறந்திருக்கின்றன.

இணைப்பு என்று நாம் ஒரே சொல்லில் சொல்வது உண்மையில் இரண்டு வேலை. முதல் வேலை அறிமுகம். இயர்பட்ஸ் பெட்டியின் மூடியைத் திறந்து, பொத்தானைச் சில நொடி அழுத்திப் பிடித்தால் விளக்கு மினுமினுக்கும். லேப்டாப்பின் செட்டிங்ஸில் புளூடூத் பகுதிக்குப் போய்ச் சாதனத்தைச் சேர்க்கச் சொன்னால் பட்டியலில் பெயர் வரும். தொட்டால் இரண்டும் ஒரு ரகசியச் சாவியைப் பேசி முடித்து ஆளுக்கொரு பிரதியைச் சேமித்துக்கொள்ளும். இது ஒருமுறை நடந்தால் போதும். இரண்டாவது வேலை அன்றாடத் தொடர்பு. பெட்டியிலிருந்து எடுத்தவுடன் இயர்பட்ஸ், தான் கடைசியாகப் பேசிய கருவியைத் தானாகக் கூப்பிடுகிறது. அது பெரும்பாலும் போன். போன் எப்போதும் விழித்திருக்கும். மூடிவைத்த லேப்டாப் தூங்கிக்கொண்டிருக்கும். ஆகவே லேப்டாப்பைத் திறப்பதற்குள் இயர்பட்ஸ் போனோடு சேர்ந்துவிடுகிறது. லேப்டாப் எவ்வளவு தட்டினாலும் ‘இணைக்க முடியவில்லை’ என்ற பதில்தான் வரும். இந்த நிலையில் சாதனத்தை நீக்கிவிட்டு மறுபடி அறிமுகம் செய்வது வீண் வேலை. போனில் புளூடூத்தை அணைத்துவிட்டு லேப்டாப் பட்டியலில் அதன் பெயரைத் தொட்டால் போதும். பல கிராமத்து வீடுகளில் இந்தத் தொல்லை இரட்டிப்பாகிறது: லேப்டாப்புக்கு இன்டர்நெட் கொடுப்பதே அந்தப் போனின் ஹாட்ஸ்பாட்தான். போனை அணைக்கவும் முடியாது, தூர வைக்கவும் முடியாது. ஹாட்ஸ்பாட்டை விட்டுவிட்டு புளூடூத்தை மட்டும் அணைக்கலாம் என்பது பலருக்குத் தோன்றுவதில்லை. இரண்டும் தனித்தனிப் பொத்தான்கள்.

அறிமுகத்துக்கும் தொடர்புக்கும் உள்ள இந்த வேறுபாட்டைத் துலக்கமாகக் காட்டுவது அரசு லேப்டாப்தான். 2011-இல் தொடங்கிய அந்தத் திட்டத்தில் வந்த இயந்திரங்களில் விண்டோஸோடு, சி-டாக் நிறுவனம் டெபியனை அடியாகக் கொண்டு உருவாக்கிய பாஸ் லினக்ஸும் இருந்தது. இயக்கும்போது எது வேண்டும் என்று தேர்ந்தெடுக்கலாம். புளூடூத் உள்ள ஒரு லேப்டாப்பில் இப்படி இரண்டு இயங்குதளம் இருந்தால் ஒரு விநோதம் நடக்கும். விண்டோஸில் இயர்பட்ஸை இணைத்து எல்லாம் சரியாக ஓடும். மறுநாள் லினக்ஸில் இணைத்தால் அங்கேயும் ஓடும். திரும்ப விண்டோஸுக்கு வந்தால் பட்டியலில் பெயர் இருக்கும், இணைப்பு மட்டும் வராது. காரணம் எளிது. வெளியிலிருந்து பார்க்கும் இயர்பட்ஸுக்கு லேப்டாப் ஒன்றுதான். புளூடூத் முகவரி ஒன்றேதான். அந்த முகவரிக்கு ஒரு சாவியைத்தான் அது வைத்துக்கொள்ளும். லினக்ஸ் புதுச் சாவி போட்டதும் விண்டோஸிடம் இருக்கும் பழைய சாவி செல்லாததாகிவிடுகிறது. விவரம் தெரிந்தவர்கள் ஒரு இயங்குதளத்தின் சாவியை எடுத்து மற்றதில் எழுதிவிடுகிறார்கள். மற்றவர்கள் மாறும்போதெல்லாம் புதிதாக அறிமுகம் செய்ய வேண்டியதுதான். கடைக்காரர் இயர்பட்ஸை மாற்றிக் கொடுத்தாலும் இது தீராது.

அடுத்தது குரல். பெரிய புகாரும் இதுதான்: பாட்டு கேட்கும்போது தெளிவாக இருந்த ஒலி, வகுப்பில் மைக்கைத் திறந்ததும் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் ஆகிவிடுகிறது. ஏ2டிபி விதிப்படி பாட்டு ஓடும்போது ஒலி ஒருவழியாகச் செல்கிறது. எல்லா இயர்பட்ஸுக்கும் பொதுவான எஸ்பிசி என்ற ஒலிச்சுருக்க முறையில் வழக்கமாக நொடிக்கு 328 கிலோபிட் வரை போகலாம். மைக் திறந்த மறுகணம் இணைப்பு கைபடாப் பேச்சு விதிக்குத் தாவுகிறது. அங்கே போக ஒன்று, வர ஒன்று என இருவழியும் வேண்டும். ஒவ்வொரு திசைக்கும் நொடிக்கு 64 கிலோபிட்தான். பழைய முறையில் ஒலி நொடிக்கு 8,000 முறை மாதிரி எடுக்கப்படுகிறது. ஆகவே 4,000 ஹெர்ட்ஸுக்கு மேலுள்ள எதுவும் மறுமுனைக்குப் போகாது. பின்னால் வந்த அகலப்பட்டை முறை 16,000 மாதிரி எடுத்து அதை இரட்டிப்பாக்கியது. போனில் அக்கா தம்பியோடு பேச இது தாராளம். ஆனால் ஸ, ஆங்கில எஃப் போன்ற ஒலிகளின் வலு 4,000 ஹெர்ட்ஸுக்கு மேலேதான் நிறைய இருக்கிறது. பழைய முறையில் இணைந்தால், நேர்காணலில் ஆங்கிலத்தில் பதில் சொல்லும் மாணவரின் எஸ்ஸும் எஃபும் கேட்பவர் காதில் ஒன்றாகிவிடுகின்றன. உச்சரிப்பு சரியில்லை என்று மதிப்பெண் குறைத்தால், அதில் ஒரு பங்கு இந்த விதியின் கணக்கில் சேர வேண்டும்.

இதற்கு ஒரு வழி செட்டிங்ஸிலேயே இருக்கிறது: ஒலி வெளிவருவதற்கு இயர்பட்ஸ், மைக்குக்கு லேப்டாப்பின் சொந்த மைக் என்று பிரித்து வைப்பது. இயர்பட்ஸின் மைக்கை யாரும் கேட்காதவரை இணைப்பு ஏ2டிபியிலேயே நிற்கும், கேட்கும் ஒலியின் தரம் இறங்காது. விண்டோஸ் 10-இல் ஒரே இயர்பட்ஸ் ‘ஸ்டீரியோ’, ‘ஹேண்ட்ஸ்-ஃப்ரீ’ என இரண்டு பெயரில் தெரியும். வகுப்புச் செயலியில் முதலாவதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். இதற்கு வரும் மறுப்பு நியாயமானது. சித்திரை வெயிலில் மேலே மின்விசிறி சுற்றாத அறை கரிசல் காட்டில் ஏது? லேப்டாப் மைக் வாயிலிருந்து ஒரு முழத்துக்கு மேல் தள்ளியிருக்கிறது. விசிறிச் சத்தம், தெருவில் போகும் லாரி, பக்கத்து வீட்டு டி.வி. எல்லாவற்றையும் சேர்த்து அள்ளும். அப்படிப்பட்ட அறையில் கேட்பது கொஞ்சம் மட்டமானாலும் பரவாயில்லை, பேசுவது புரிய வேண்டும் என்றால் இயர்பட்ஸ் மைக்கே தேவலை. அதைவிட மேல், மைக் தொங்கும் பழைய கம்பி இயர்போன். விலை குறைவு, சார்ஜ் வேண்டாம், தாமதம் இல்லை, தரம் இறங்காது. கவனிக்க வேண்டியது ஒன்றே: லேப்டாப்பில் ஒரே துளை இருந்தால் மைக்கும் வேலை செய்யும், பழைய லேப்டாப்பில் ஒலிக்கும் மைக்குக்கும் தனித்தனித் துளை இருந்தால் பிரிப்புக் கம்பி ஒன்று வேண்டும்.

கம்பிக்குத் திரும்புவது பின்னோக்கிப் போவதில்லையா என்று கேட்கலாம். புதிய நுட்பங்கள் இதைத் தீர்த்துவிட்டன என்பது அந்தக் கேள்விக்குள் இருக்கும் வாதம். பாதி உண்மை. இரண்டு கருவிகளோடு ஒரே நேரத்தில் சேர்ந்திருக்கும் இயர்பட்ஸ் இப்போது கிடைக்கின்றன. போன், லேப்டாப் சண்டையை அவை பெருமளவு தணிக்கும். ஆனாலும் ஒரு நேரத்தில் ஒன்றின் ஒலிதான் காதுக்கு வரும். நேர்காணலின் நடுவே போனுக்கு ஓர் அழைப்பு வந்தால் காது அந்தப் பக்கம் போய்விடக்கூடும். குரல் தரத்துக்கு உண்மையான தீர்வு 2020 ஜனவரியில் அறிவித்த எல்ஈ ஆடியோ என்ற புதிய ஒலித்தரம். அதன் எல்சி3 சுருக்க முறை குறைந்த பிட்டிலேயே நல்ல ஒலி தருகிறது. ஆனால் இயர்பட்ஸ், லேப்டாப்பின் ரேடியோ, அதை ஓட்டும் மென்பொருள், விண்டோஸ் 11-இன் புதிய பதிப்பு நான்கும் கைகோர்த்தால்தான் அது நடக்கும். பெட்டியின் மேல் ‘புளூடூத் 5.3’ என்று கொட்டை எழுத்தில் போட்டிருப்பது இதற்குச் சான்றாகாது. பதிப்பு எண் அந்த வசதியைக் கட்டாயமாக்குவதில்லை. எல்ஈ ஆடியோ என்று தனியே அச்சிட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குவதே விவரம்.

இணைந்த பிறகு ஒலி விட்டுவிட்டு வருவது இன்னொரு வகைத் தொல்லை. புளூடூத் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் 79 தடங்களுக்கிடையே நொடிக்கு 1,600 முறை தாவித் தாவிப் பேசுகிறது. இந்தியாவில் 2005 முதல் இந்த அலைவரிசைக்கு உரிமம் வேண்டாம். உரிமம் இல்லை என்றால் இடையூறிலிருந்து பாதுகாப்பும் இல்லை. யார் வேண்டுமானாலும் நுழையலாம். விடுதி அறையில் நாலு பேரின் இயர்பட்ஸ், நாலு ஹாட்ஸ்பாட், பக்கத்து அறை வைஃபை எல்லாம் இந்த ஒரே சந்துக்குள்தான். தாவல் பெரும்பாலும் சமாளித்துவிடும். சமாளிக்க முடியாத இடம் லேப்டாப்பின் உள்ளேயே இருக்கிறது: வைஃபையும் புளூடூத்தும் பொதுவாக ஒரே அட்டையில் ஆன்டெனாவைப் பங்குபோட்டுக்கொள்கின்றன. போன் ஹாட்ஸ்பாட்டை 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாற்றினாலே பல நேரம் விட்டுவிட்டு வருவது நின்றுபோகிறது. யு.எஸ்.பி. 3 கம்பியும் ஹார்ட் டிஸ்க்கும் 2.4 கிகாஹெர்ட்ஸில் இரைச்சல் கிளப்பும் என்று இன்டெல் 2012-லேயே எழுதி வெளியிட்டிருக்கிறது. அவற்றை எதிர்ப்பக்கத் துளைக்கு மாற்றிப் பார்க்கலாம். அதே விடுதி அறையில் இணைக்கும்போது பட்டியலில் ஒரே பெயரில் மூன்று இயர்பட்ஸ் தெரிந்தால், மற்றவர்கள் தங்கள் பெட்டியை மூடும்வரை பொறுப்பதே வேகமான வழி.

இவ்வளவுக்குப் பிறகும் உண்மையான பழுது என்று ஒன்று இல்லாமலில்லை. கரிசல் மண் அதில் தன் பங்கைச் செய்கிறது. காய்ந்த கரிசல் மாவுபோல நுண்ணிய தூசி. சட்டைப்பையில் கிடக்கும் பெட்டியின் மூடி இடுக்கில் அது இறங்கி, சார்ஜ் ஏற்றும் சிறு உலோகப் புள்ளிகளில் வியர்வையோடு சேர்ந்து படிந்துவிடுகிறது. ஒரு பக்கத்து இயர்பட் சார்ஜ் ஏறாமல் போகும். லேப்டாப்பில் ஒற்றைக் காது மட்டும் இணையும். பார்ப்பவர் புளூடூத்தைக் குறை சொல்வார். காய்ந்த பஞ்சுக் குச்சியால் அந்தப் புள்ளிகளைத் துடைத்துவிட்டு, இரண்டையும் பெட்டியில் வைத்து மூடித் திறந்தால் ஜோடி சேர்ந்துவிடும். தண்ணீரோ சானிடைசரோ வேண்டாம். வெப்பம் அடுத்த எதிரி. லித்தியம் பேட்டரியை 45 டிகிரி செல்சியஸுக்கு மேல் சார்ஜ் ஏற்றக் கூடாது. வெயிலில் நிறுத்திய பைக்கின் டேங்க் கவரிலோ பஸ் ஜன்னலோரத்திலோ கிடந்த பெட்டியைச் சூடு ஆறாமல் சார்ஜில் போட்டால் அதன் ஆயுள் குறையும். அடுத்தது இயர்பட்ஸின் உள்மென்பொருள்: அதைப் புதுப்பிக்கும் செயலியைப் பல தயாரிப்பாளர்கள் போனுக்கு மட்டுமே தருகிறார்கள். ஆகவே லேப்டாப்பில் மட்டும் பயன்படுத்துபவரும் இயர்பட்ஸை அவ்வப்போது ஒரு போனோடு சேர்த்துப் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கும். கடைசியாக ஒன்று: கண்காணிப்போடு நடக்கும் இணையத் தேர்வுகள் பலவற்றில் காதில் எதுவும் மாட்டக் கூடாது. அன்றைக்கு லேப்டாப்பின் ஒலிபெருக்கியும் சொந்த மைக்கும்தான்.