ஐந்திரமும் ஐந்திறமும்

ஓம் என்னும் ஒலியினின்றே உலகம் தோன்றியது. அதன் நுட்பங்களையெல்லாம் பன்னீராயிரம் ஆண்டுகட்கு முன்பே நம் முன்னோர் ஓர் ஏட்டில் எழுதி வைத்தனர் என்று அன்பர் சிலர் மேடைகளிற் பெருமிதத்துடன் பேசக் கேட்டிருக்கிறோம். ஈப்போ நகரத்து மண்டபங்களிலும், செம்பனையாகவும் வீட்டுமனையாகவும் மாறிவிட்ட பழைய ரப்பர் தோட்டங்களின் கோயில் வாசல்களிலும் இப்பேச்சுக்குக் கைதட்டல் குறைவதில்லை. அவ்வேடு யாது என வினவின், ‘ஐந்திறம்’ என்பர். கைதட்டுமுன் அதனைச் சிறிது ஆராய்வோம்.

மயன் என்பவர் இயற்றியதெனக் கூறப்படும் இந்நூல், ஸ்தபதி வை. கணபதி அவர்களின் முயற்சியால் 1986இல் சென்னையில் அச்சேறியது. குமரிமுனையில் 133 அடி உயர வள்ளுவர் சிலையை எழுப்பிய பெருஞ்சிற்பி அவர். 2000ஆம் ஆண்டு சனவரி முதல் நாளன்று அச்சிலை திறக்கப்பெற்றது. அவரது உளியின் திறத்தை நாம் ஐயுறவில்லை. நாம் வினவுவது நூலின் வயதையே. ஒலியும் ஒளியும் வெளியுமாக உலகம் விரிந்த வரலாற்றைக் கூறும் அந்நூல், கடல்கொண்ட நாட்டுச் சங்கத்தில் உலவியது என்பது அதனைப் போற்றுவோர் கொள்கை.

பெயரிலிருந்தே தொடங்குவோம். தொல்காப்பியப் பாயிரத்தில் பனம்பாரனார், அந்நூலாசிரியரை ஐந்திரம் நிறைந்தவர் எனச் சிறப்பிக்கிறார். ஆங்கு உள்ளது இடையின ரகரம். இந்திரன் பெயரால் வழங்கிய வடமொழி இலக்கண மரபு அது என்பது அறிஞர் பலர் துணிபு. பர்னெல் என்ற ஆங்கிலேயர் 1875இல் அம்மரபைப் பற்றித் தனி நூலே எழுதினார். 1986இல் அச்சான நூலிலோ வல்லின றகரம் ஏறி, ஐந்து திறம் எனப் பொருள் மாறிவிட்டது. ஓரெழுத்து மாறியதும் இலக்கணம் பிரபஞ்ச இரகசியமாயிற்று. ஒலியின் ஆற்றல் என்பது இதுதான் போலும்!

நிற்க. பழைய நூல் என்று ஒருவர் கொணர்வதை எங்ஙனம் சோதிப்பது? நம் நாட்டு வெப்பத்திலும் செல்லிலும் பனையேடு சில நூற்றாண்டுகளே தாங்கும். ஆதலின் ஏட்டின் தோற்றம் நூலின் வயதைக் காட்டாது. பிரதி மேற் பிரதி எழுதப்பெற்றே நூல்கள் பிழைத்தன. 1887இல் சிந்தாமணியையும் 1892இல் சிலப்பதிகாரத்தையும் பதிப்பித்த உ. வே. சாமிநாதையர், ஊரூராய் அலைந்து பல பிரதிகளைத் திரட்டிப் பாடங்களை ஒப்புநோக்கியது இதனாலன்றோ? நடை, யாப்பு, சொல்வழக்கு, பிற்கால உரைகாரர் எடுத்தாண்ட மேற்கோள் ஆகியவையே சாட்சிகள். சிலப்பதிகாரத்துக்கு உரைகண்ட அடியார்க்குநல்லார், தம் காலத்திலேயே மறைந்தனவும் எஞ்சினவுமான இசை, நாடக நூல்களைப் பெயர் சுட்டிக் கூறுகிறார். அவற்றுள் ஒன்றான பஞ்சமரபு 1973இல் அச்சானபோது, அவர் காட்டிய மேற்கோள்களோடு வைத்துப் பார்க்க இடமிருந்தது. ஐந்திறத்துக்கு அத்தகைய சாட்சி ஒன்றும் நம் கண்ணிற் படவில்லை. அதன் நடையும் தொல்காப்பியத்துக்கு மூத்த நடையாகத் தோன்றவில்லை.

இப்படி மயங்கியவர் கணபதி ஸ்தபதி ஒருவரே அல்லர். வ. உ. சிதம்பரனார் 1917இல் ‘இன்னிலை’ என்ற நூலைப் பதினெண்கீழ்க்கணக்கினுள் ஒன்றெனக் கருதி நல்லெண்ணத்தோடு பதிப்பித்தார். 1931இல் ‘கைந்நிலை’ அச்சேறிய பின்னர், இன்னிலை பிற்காலத்தார் ஒருவர் புனைந்தது என்ற கருத்தே ஆராய்ச்சியாளரிடம் வலுப்பெற்றது. செக்கிழுத்த வீரரின் புகழ் இதனாற் குறைந்துவிட்டதா? இல்லை. ஆதலின் ஒரு நூலைப் புனைவு என்பது, அதனை நம்பிப் பதிப்பித்தவரைப் பழிப்பதாகாது.

நமக்கு மிகுந்த வியப்பளிப்பது வேறொன்று. ஒலியைப் பற்றிய மெய்யான பழந்தமிழ் நூல் ஒன்று நம் கையிலேயே இருக்கிறது. தொல்காப்பிய எழுத்ததிகாரத்துப் பிறப்பியலைப் புரட்டுக. உந்தியிலிருந்து எழும் காற்றுத் தலையிலும் மிடற்றிலும் நெஞ்சிலும் நின்று, பல், இதழ், நாக்கு, மூக்கு, அண்ணம் ஆகியவற்றின் தொழிலால் வெவ்வேறு எழுத்தாகிறது என்கிறார் ஆசிரியர். உள்ளே எழும் காற்றின் இசையை அளப்பது அந்தணர் மறையின் பாற்பட்டது. அதனை ஈண்டுக் கூறாது, புறத்தே ஒலித்துப் புலப்படுவதன் அளவையே கூறினேன் என்று அவ்வியலின் முடிவில் எல்லையும் வகுத்துவிடுகிறார். செவிக்கு எட்டுவதை ஆராய்ந்து, எட்டாததை விலக்கி வைத்த அந்த அறிவு நேர்மைக்கு, பன்னீராயிரம் ஆண்டு என்ற பொய்க்கணக்கு ஈடாகுமோ?

ஒலியே எல்லாம் செய்யும் என்ற நம்பிக்கைக்குத் தோட்டத் தமிழர் கொடுத்த விலை சிறிதன்று. குளிர்காய்ச்சல் கண்டவனுக்கு வேப்பிலை அடித்து மந்திரம் ஓதினர். தாயத்துக்குக் கூலியில் ஒரு பங்கு போயிற்று. காய்ச்சலோ, 1901இல் கிள்ளானில் மால்கம் வாட்சன் என்ற மருத்துவர் சதுப்பு நீரை வடியச் செய்து கொசுவை ஒழித்த பின்னரே அங்குத் தணிந்தது. பெரியார் 1929 டிசம்பரில் மலாயா வந்து ஈப்போத் தமிழர் மாநாட்டிற் கலந்துகொண்டபோது தொடங்கிய விவாதம் இதுவே. மூடநம்பிக்கைக்குப் பழந்தமிழ்ப் பெயர் சூட்டினும் விவாதம் மாறாது.

தொல்காப்பியர் சொன்னதைச் சோதிக்க ஏடும் வேண்டா, ஸ்தபதியும் வேண்டா. பகரமும் மகரமும் இரண்டு இதழும் இயையப் பிறக்கும் என்பதும், மெல்லெழுத்துக்கு மூக்கின் காற்றும் வேண்டும் என்பதும் அவர் விதி. வீட்டிலுள்ள சிறுவனை அழைத்து, மூக்கை இறுகப் பிடித்துக்கொண்டு ‘அம்மா’ என்று சொல்லச் சொல்லுங்கள். அவன் வாயிலிருந்து ‘அப்பா’ என்பது போன்றே கேட்கும்.