கதியாலும் குற்றக் கருத்தும்: யாழ்ப்பாணக் குடும்பக் காணி முறைப்பாடுகள் பற்றிய ஒரு மறுவாசிப்பு

யாழ்ப்பாணத்தில் கூடப்பிறந்தவர்களுக்கிடையிலான காணிச் சண்டை பொலிஸ் முறைப்பாடாகி, நீதவான் நீதிமன்றத்தில் ‘இது குடியியல் பிணக்கு’ என்று தள்ளுபடியாவதை நீதி மறுப்பாகவே காணும் ஆய்வுமரபு ஒன்று உண்டு. உறவைக் காரணம் காட்டி நீதிமன்றம் பாதிக்கப்பட்டவரைக் கைவிடுகிறது என்பது அதன் வாதம். அதன் அக்கறை நியாயமானது. அது ஊன்றி நிற்கும் சட்ட வாசிப்புத்தான் பிழையானது.

அந்த வாசிப்பின் மையத்தில் இருப்பது செல்வநாயகம் வழக்கு. இலங்கையிலிருந்து சென்ற அந்த மேன்முறையீட்டில் பிரித்தானியப் பிரிவிக் கவுன்சில் 1950இல் தீர்ப்பளித்தது. வெளியேறும்படி அறிவித்தல் கிடைத்த பின்னும் தோட்டத் தொழிலாளி ஒருவர் தன் குடியிருப்பிலேயே தங்கியிருந்தார். தண்டனைச் சட்டக்கோவையின் 427ஆம் பிரிவின்படி, குற்றமுறை அத்துமீறலுக்குக் குற்றம் புரியும் எண்ணமோ, இருப்பவரை அச்சுறுத்தும், அவமதிக்கும், தொந்தரவு செய்யும் எண்ணமோ வேண்டும். தொந்தரவு நேரும் என்று தெரிந்திருந்தால் மட்டும் போதாது, அதுவே மேலோங்கிய நோக்கமாக இருக்கவேண்டும் என்றது கவுன்சில். நேர்மையாக உரிமை கோரி நுழைந்தவரின் கோரிக்கை சட்டத்தில் எவ்வளவு பலவீனமாயிருந்தாலும், எதிர்பார்க்கக்கூடிய தொந்தரவு அவரைக் குற்றவாளியாக்காது.

இதை ‘உரிமை கோரினால் வழக்கு விழும்’ என்று சுருக்கியதில்தான் முந்தைய வாசிப்பு வழுக்கியது. கோரிக்கை இருக்கிறதா என்பதோடு தீர்ப்பு நிற்கவில்லை. அது நேர்மையானதா என்றும் கேட்கிறது. அது சாட்சியத்தால் துலங்கவேண்டிய விடயம், உறவுமுறையால் ஊகிக்கத்தக்கதன்று.

முதுசமாக வந்த நாலு பரப்பு வளவொன்றை எண்ணிப் பார்க்கலாம். பாதி அக்காவுக்குச் சீதன உறுதியில் போய்விட்டது. மற்றப் பாதி பிரிக்கப்படாமல் சகோதரர் இருவருக்குரியது. நடுவில் பங்குக் கிணறு. வெளிநாட்டிலிருந்து வந்த தம்பி கதியாலைப் பிடுங்கி வேலியை இரண்டு முழம் தள்ளி நடுகிறார். தன் பங்கு அதுவரை என்று அவர் உண்மையாகவே நம்பக்கூடும். கூட்டுரிமையாளர் ஒருவரின் இருப்பு எல்லாருடைய இருப்புமாகும் என்று கொரேயா எதிர் அப்புஹாமி வழக்கில் பிரிவிக் கவுன்சில் தீர்த்ததையும் சேர்த்துப் பார்த்தால், அந்த நம்பிக்கைக்குச் சட்டமே இடம் வைத்திருக்கிறது. இங்கே தள்ளுபடி சரியே.

அதே தம்பி ஆட்களோடு இரவில் வந்து கதவை உடைத்தால் கதை வேறு. உறுதியில் பெயர் இருப்பது கதவை உடைப்பதற்கு அனுமதிப்பத்திரமல்ல. இந்த வேறுபாட்டைக் காரணத்தோடு எழுதாத தள்ளுபடிக் கட்டளைகளைக் கண்டிப்பதில் இக்கட்டுரைக்கும் முந்தைய ஆய்வுக்கும் பிணக்கில்லை.

ஆயினும் உண்மையான இழப்பு தள்ளுபடியில் நிகழ்வதன்று. அதற்கு முன்பே நிகழ்ந்துவிடுகிறது. 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின்கீழ், காணிப் பிணக்கால் சமாதானம் குலையும் நிலை இருந்தால், பொலிஸ் மட்டுமன்றிப் பிணக்கின் தரப்பினரும் நேரே நீதிமன்றத்துக்குத் தகவல் கொடுக்கலாம். தகவல் கொடுத்த நாளுக்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் பலவந்தமாக வெளியேற்றப்பட்டவருக்கு, 68ஆம் பிரிவின்படி இருப்பை மீட்டுக் கொடுக்கலாம். குற்ற முறைப்பாட்டின் முடிவுக்காகக் காத்திருப்பவருக்கு அந்த இரண்டு மாதம் கரைந்துபோகிறது.

1982இல் இராமலிங்கம் எதிர் தங்கராஜா வழக்கில் உயர் நீதிமன்றம் காலக்கெடுக்களைத் தளர்த்திவிட்டதே என்று சிலர் கேட்கலாம். அந்தத் தளர்வு விசாரணைப் படிகளுக்கானது. இரண்டு மாத எல்லையை அது தொடவில்லை. ஆரம்ப நீதிமன்றக் கட்டளை உரித்தைத் தீர்க்காது என்ற ஆட்சேபமும் நிற்காது. உரித்தை மாவட்ட நீதிமன்றம் ஆராய 74ஆம் பிரிவு இடம்விட்டே வைத்திருக்கிறது.

ஆகவே முறைப்பாட்டைப் பதியும் பொலிஸ் அதிகாரியும் முதல் ஆலோசனை சொல்லும் சட்டத்தரணியும், 66ஆம் பிரிவையும் இரண்டு மாத எல்லையையும் வேலி பிடுங்கப்பட்டவருக்கு அன்றைக்கே எடுத்துச் சொல்லவேண்டும்.