கேமில் வரும் உடம்பை அளந்தது யார்?

கொஞ்சம் நீளமான பதிவு. அவசரத்தில் இருப்பவர்கள் சேமித்து வைத்து இரவில் வாசியுங்கள்.

கேம் என்றவுடன் எங்கட ஊர்ப் பெரியவர்களுக்கு நினைவுக்கு வருவது ஃப்ரீ ஃபயரும் பப்ஜியும்தான். அந்த இரண்டிலும் உடை மாற்றலாம், தொப்பி, பை, துப்பாக்கிக்கு நிறம் என்று என்னென்னவோ காசு கொடுத்து வாங்கலாம். உடம்பை மட்டும் கூட்டவோ குறைக்கவோ முடியாது. அதற்கு நியாயமான காரணம் இருக்கிறது. சுடும் விளையாட்டில் பெரிய உடம்பு என்பது பெரிய இலக்கு. ஒருவர் மெலிந்தவராகவும் மற்றவர் பருத்தவராகவும் இருந்தால் போட்டி சமமாக இராது.

ஆனால் வேறொரு வகை கேம் இருக்கிறது. ரோல் பிளேயிங் கேம், சுருக்கமாக ஆர்.பி.ஜி. என்பார்கள். ஒரு கதைக்குள் நாமே ஒரு பாத்திரமாகப் புகுந்து, நாள்கணக்கில், மாதக்கணக்கில் அந்த ஆளாகவே வாழ்வது. அதில் முதல் வேலையே ஆளைச் செய்வதுதான். பெயர், முகம், உயரம், பருமன். ஃபோனில் சத்தத்தைக் கூட்டிக் குறைக்க விரலால் இழுக்கிறோமே ஒரு கோடு, அதே மாதிரிக் கோடுகளை இழுத்து இழுத்து உடம்பைச் செய்வார்கள். ஸ்லைடர் என்று பெயர். இந்த ஸ்லைடர் எங்கிருந்து வந்தது, அது ஏன் ஓர் இடத்தில் நின்றுவிடுகிறது என்பதுதான் இன்றைய பதிவு.

கதை கணினியில் தொடங்கவில்லை. கடதாசி, பென்சில், தாயக்கட்டையில் தொடங்கியது. 1974இல் அமெரிக்காவில் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் என்ற இருவர் 'டன்ஜன்ஸ் அன்ட் ட்ராகன்ஸ்' என்ற விளையாட்டை வெளியிட்டார்கள். முதலில் அடித்தது வெறும் 1000 பிரதி. அதில் ஓர் ஆள் என்றால் ஆறு எண்கள்: பலம், புத்தி, விவேகம், உடல் உறுதி, லாவகம், கவர்ச்சி. ஒவ்வொன்றுக்கும் மூன்று தாயக்கட்டையை உருட்ட வேண்டும். குறைந்தது 3, கூடியது 18. (கணிதம் படிக்கும் பிள்ளைகள் கவனிக்க: 216 தடவை உருட்டினால் சராசரியாக ஒரு தடவைதான் 18 விழும். 10 விழுவது 27 தடவை.) ஆக, உடம்பு என்பது அன்று கண்ணால் பார்க்கும் ஒன்றல்ல. எண்கள் எழுதிய ஒரு தாள். உயரமா குட்டையா என்பதை மனசுக்குள் நினைத்துக்கொள்ள வேண்டியதுதான்.

அந்தத் தாளிலும் எல்லை இருந்தது. 1978இல் வந்த விரிவான விதிநூலில், பலம் 18 கிடைத்த போர்வீரருக்குக் கூடுதலாக நூற்றுக்கு ஒரு புள்ளி உருட்டலாம் என்று வைத்தார்கள். ஆண் பாத்திரத்துக்கு அது 100 வரை போகலாம். மனிதப் பெண் பாத்திரமானால் 50உடன் நின்றுவிட வேண்டும். பறக்கும் ட்ராகனும் மந்திரவாதியும் உள்ள உலகம், அங்கே ஒரு பெண் இவ்வளவு பாரம்தான் தூக்கலாம் என்று ஒருவர் இருந்து கணக்குப் போட்டிருக்கிறார்! 1989இல் வந்த இரண்டாம் பதிப்பில்தான் அந்த விதியை எடுத்தார்கள். இதை ஏன் சொல்கிறேன் என்றால், ஸ்லைடர் பிறப்பதற்கு முன்பே அதற்கு ஒரு முடிவிடம் இருந்தது, அதை ஒரு மனிதர்தான் தீர்மானித்தார்.

கணினிக்கு வந்தபோது உடம்பு இன்னும் சிறுத்தது. ரிச்சர்ட் கேரியட் 1981இல் செய்த 'அல்டிமா'வில் நம் ஆள் திரையில் நகரும் ஒரு சின்னப் பொம்மைக் கோட்டுருவம், அவ்வளவுதான். பலசாலியும் நோஞ்சானும் ஒரே படம். 1983இல் வந்த மூன்றாம் பாகத்தில் ஆண், பெண் என்பதுடன் 'மற்றவை' என்ற தெரிவும் இருந்தது. மனிதரல்லாத விசித்திர உயிர்களெல்லாம் உள்ள உலகம்தானே. எதைத் தெரிந்தாலும் திரையில் வித்தியாசம் தெரியாது. 1988இல் 'பூல் ஒஃப் ரேடியன்ஸ்' என்ற கேமில் சண்டைப் பொம்மையின் தலை, ஆயுதம், நிறம் ஆகியவற்றை மாற்றலாம், உருவம் சிறிதா பெரிதா என்றும் தெரிவுசெய்யலாம். இன்று பார்த்தால் சிரிப்பு வரும். அன்று அது பெரிய விஷயம்.

உண்மையான மாற்றம் முப்பரிமாண உருவங்கள் வந்த பிறகுதான். 2000ஆம் ஆண்டு இறுதியில் ஜப்பானின் செகா நிறுவனம் வெளியிட்ட 'ஃபான்டசி ஸ்டார் ஒன்லைன்' கேமில் உயரத்தையும் அகலத்தையும் கூட்டிக் குறைக்க முடிந்தது. 2004இல் 'சிட்டி ஒஃப் ஹீரோஸ்' வந்தது. அந்த கேமில் பிறகு தோள், நெஞ்சு, இடுப்பு, கால் என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனி ஸ்லைடர் வந்தது.

இது எப்படி வேலை செய்கிறது? மாய மந்திரம் ஒன்றுமில்லை, தரம் 8 கணக்கு. திரையில் தெரியும் உடம்பு ஆயிரக்கணக்கான புள்ளிகளால் ஆனது. கலைஞர் ஒரே உடம்பை இரண்டு தடவை செய்வார், ஒன்று மெலிந்தது, மற்றது பருத்தது. இரண்டிலும் புள்ளிகளின் எண்ணிக்கை ஒன்றாக இருக்க வேண்டும். மெலிந்த வயிற்றின் ஒரு புள்ளி இங்கே இருக்கிறது, பருத்த வயிற்றில் அதே புள்ளி நாலு விரற்கடை முன்னால் இருக்கிறது. ஸ்லைடரைப் பாதியில் வைத்தால் அந்தப் புள்ளி இரண்டு விரற்கடையில் நிற்கும். எல்லாப் புள்ளிக்கும் இப்படியே. ஆக, நீங்கள் எவ்வளவு இழுத்தாலும் அந்தக் கலைஞர் செய்துவைத்த இரண்டு உடம்புகளுக்கு நடுவேதான் உலாவுகிறீர்கள். அதைத் தாண்டி ஓர் அங்குலம் போக முடியாது.

சரி, அந்தக் கலைஞர் இன்னும் பருத்த ஒருவரைச் செய்திருக்கலாமே? இங்கேதான் பெரும்பாலானவர்களுக்குத் தெரியாத விஷயம் இருக்கிறது. தடை உடம்பல்ல, உடுப்பு.

2011இல் வந்த 'ஸ்கைரிம்' நல்ல உதாரணம். அதில் பருமனுக்கு 0 முதல் 100 வரை ஒரே ஒரு ஸ்லைடர். அந்த ஒன்றுக்காக ஒவ்வொரு கவசத்தையும் ஒவ்வொரு அங்கியையும் மெலிந்த ஆளுக்கு ஒன்று, பருத்த ஆளுக்கு ஒன்று என்று இரண்டு வடிவில் செய்ய வேண்டும். ஆண், பெண் என்று பிரித்தால் நாலு. கொஞ்சம் பிசகினாலும் வயிறு இரும்புக் கவசத்தைத் துளைத்துக்கொண்டு வெளியே தெரியும். எங்கட ஊர்த் தையற்கடைக்காரர் ஒருவரிடம் பெருநாளைக்கு இருபது நாள் இருக்கும்போது எல்லா அளவிலும் நூறு விதச் சட்டை தையுங்கள் என்று சொன்னால் என்ன சொல்வார்? அதேதான். இத்தனை வேலைக்குப் பிறகும் முழுதாக 100இல் வைத்த ஆள் குண்டானவர் அல்ல, கட்டுமஸ்தானவர்தான்.

'சிட்டி ஒஃப் ஹீரோஸ்' அவ்வளவு தாராளமாக இருக்க முடிந்ததும் இதனால்தான் என்று நினைக்கிறேன். அங்கே உடுப்புக்கும் பலத்துக்கும் தொடர்பில்லை. எதிரியைக் கொன்று கவசம் பறித்து உடுக்கும் வேலை இல்லாததால் உடம்புக்குச் சுதந்திரம் கிடைத்தது. அந்த கேம் 2012 நவம்பரில் மூடப்பட்டது.

(உம்மா வாப்பாமாருக்கு ஒரு வார்த்தை. ஸ்கைரிம் ரசிகர்கள் பிறகு 'பொடிஸ்லைட்' என்று தாங்களே ஒரு கருவி செய்தார்கள். நாம் விரும்பும் உடம்புக்கு ஏற்றபடி எல்லாக் கவசத்தையும் அதுவே மாற்றிவிடும். தொழில்நுட்பமாகப் பார்த்தால் அருமையான வேலை. ஆனால் அதைப் பயன்படுத்தி இணையத்தில் போடப்படுபவற்றில் பல பிள்ளைகள் பார்க்கக்கூடியவை அல்ல. வீட்டில் கணினி இருந்தால், 'மொட்' என்ற சொல் காதில் விழுந்தால், கொஞ்சம் எட்டிப் பாருங்கள்.)

இன்னொரு வழியும் முயன்று பார்த்தார்கள். உடம்பை முதலிலேயே தெரிவுசெய்யாமல், வாழும் விதத்தால் அது மாறட்டும் என்றார்கள். 2004இல் பெரியவர்களுக்கான 'ஜி.ரி.ஏ. சான் அன்ட்ரேயாஸ்' கேமில் கதாநாயகன் அளவுக்கு மீறிச் சாப்பிட்டால் குண்டாவான், ஜிம்முக்குப் போனால் தசை ஏறும். பிரித்தானியாவில் பீட்டர் மொலினியூவின் நிறுவனம் 2008இல் வெளியிட்ட 'ஃபேபிள் 2' இன்னும் ஒருபடி மேலே போனது. இறைச்சி பணிஸ் மாதிரி ஒன்றைத் தின்றால் உடம்பு பருக்கும், அதோடு உங்கள் கணக்கில் தீய குணமும் ஏறும்! செலரிக் கீரை தின்றால் உடம்பும் மெலியும், உள்ளமும் தூய்மையாகும். புரியாணியில் வளர்ந்த எங்கட சமூகம் அந்த உலகத்தில் ஒரு வாரத்தில் வில்லனாகிவிடும். சிரித்தாலும் இதில் ஒரு நஞ்சு இருக்கிறது. குண்டான உடம்பு என்பது ஒழுக்கக் குறைவின் அடையாளம் என்று அந்த விதி சொல்லாமல் சொல்லிவிடுகிறது.

எனக்குப் பிடித்தது 2012இல் ஜப்பானின் கெப்கொம் நிறுவனம் வெளியிட்ட 'ட்ராகன்ஸ் டொக்மா'. அதில் எடையை ஐந்து வகுப்பாகப் பிரித்தார்கள். பருத்தவர் அதிக பாரம் சுமப்பார், ஆனால் களைத்தால் மீள நேரமெடுக்கும். மெலிந்தவர் சீக்கிரம் களைப்பாறுவார், பாரம் தூக்க மாட்டார். குட்டையானவர் சின்னப் பொந்துக்குள் நுழைவார். நல்ல உடம்பு, கெட்ட உடம்பு என்று பிரிக்கவில்லை. ஒவ்வொன்றுக்கும் ஒரு வசதி, ஒரு கஷ்டம். இந்த வழியைப் பின்பற்றியவர்கள் குறைவு என்பது எனக்கு வருத்தம்.

பெரும்பாலான பெரிய கேம்கள் சுலப வழியையே எடுத்தன. 2007இல் வந்த 'மாஸ் இஃபெக்ட்'டில் முகத்தை இஷ்டம்போல் மாற்றலாம், உடம்பு ஒன்றே. கோடிக்கணக்கானோர் விளையாடிய 'வேர்ல்ட் ஒஃப் வோர்கிராஃப்ட்'டில் மனிதராக இருந்தால் ஒரே கட்டான உடம்புதான். 2019இல் பருத்த மனிதர்களைச் சேர்த்தார்கள், ஆனால் தனி இனமாக. பருமனாக இருக்க ஆசைப்பட்டால் வேறு நாட்டவராகப் பிறக்க வேண்டும்!

"கேம்தானே, இதில் என்ன?" என்று கேட்பவர்களுக்கு இரண்டு விஷயம். அமெரிக்காவின் ஸ்டான்ஃபர்ட் பல்கலைக்கழகத்தில் நிக் யீ, ஜெரமி பெய்லன்சன் என்ற ஆய்வாளர்கள் 2007இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். கணினி உலகில் சிலருக்கு உயரமான உருவமும் சிலருக்குக் குட்டையான உருவமும் கொடுத்து, பணத்தைப் பங்கிடச் சொன்னார்கள். உயரமான உருவம் கிடைத்தவர்கள் தங்கள் பக்கம் அதிகம் எடுக்கும் பேரத்தில் துணிந்தார்கள். குட்டையான உருவம் கிடைத்தவர்கள் அநியாயமான பங்கைக்கூட ஏற்றுக்கொண்டார்கள். சில நிமிடம் அணிந்த உடம்பே மனிதனின் நடத்தையை அசைத்துவிட்டது.

இரண்டாவது, நின்டென்டோவின் 'வீ ஃபிட்'. ஆர்.பி.ஜி. அல்ல, உடற்பயிற்சி கேம். பலகையில் ஏறி நின்றால் எடையை அளந்து, உயரத்தோடு கணக்கிட்டு, திரையில் உள்ள உங்கள் பொம்மையை அதற்கேற்பக் குண்டாக்கிக் காட்டும். 2008இல் பிரித்தானியாவில் 10 வயதுப் பெண்பிள்ளை ஒன்றை அது 'குண்டு' வகைக்குள் போட்டது பத்திரிகைகளில் வந்து, நிறுவனம் மன்னிப்புக் கேட்டது. வளரும் பிள்ளைகளின் உடம்பைப் பெரியவர்களின் கணக்கால் அளக்க முடியாது என்று எந்தக் கிளினிக்கிலும் சொல்வார்கள். அந்த இயந்திரத்துக்கு அது தெரியவில்லை. வகுப்பறையில் பட்டப்பெயர் வைத்துக் கேலி செய்வதை நிறுத்தப் படும்பாடு எங்களுக்குத்தான் தெரியும். திரையே அதைச் செய்தால்?

2015இல் 'ஃபோல்அவுட் 4' ஸ்லைடரை விட்டு ஒரு முக்கோணம் கொண்டுவந்தது. மூன்று மூலை: மெலிவு, தசை, பருமன். புள்ளியை உள்ளே எங்கே வேண்டுமானாலும் வைக்கலாம். 2023இல் 'ஸ்டார்ஃபீல்ட்'டும் அதே முக்கோணம். நல்ல முன்னேற்றம்தான், உண்மையில் பருத்த ஆளைச் செய்யலாம். ஆனால் கணக்கைப் பாருங்கள். பருமன் மூலைக்கு நெருங்க நெருங்கத் தசை குறையும். கரைவலை இழுக்கும் எங்கட காக்காமாரைப் பாருங்கள், தொப்பையும் இருக்கும், கையில் இரும்பு மாதிரித் தசையும் இருக்கும். அவர்களை அந்த முக்கோணத்துக்குள் வைக்க இடமில்லை.

அதே 2023இல் பெல்ஜியத்தின் லேரியன் நிறுவனம் 'போல்டர்ஸ் கேட் 3' வெளியிட்டது. அந்த ஆண்டின் பரிசுகளை அள்ளிய கேம். அதில் உடம்புக்கு ஸ்லைடரே கிடையாது. நாலு உடம்பு: இரண்டு சாதாரணம், இரண்டு பலசாலி. பருத்தது ஒன்றுமில்லை. கதையில் பாத்திரங்கள் கட்டியணைக்கும், கைகோக்கும் காட்சிகள் நிறைய. கை எங்கே போய் நிற்க வேண்டும் என்று முன்கூட்டியே தெரிய வேண்டுமானால் உடம்புகளின் எண்ணிக்கை குறைவாக இருப்பது வசதி. காரணம் புரிகிறது. ஆனாலும் அந்த நாலில் ஒன்றையாவது தொப்பையுள்ள ஆளாகச் செய்திருக்கலாம்.

எல்லை நகர்ந்த இடமும் உண்டு. 2020இல் டன்ஜன்ஸ் அன்ட் ட்ராகன்ஸ் ரசிகர்களிடையே சண்டைச் சக்கரநாற்காலிக்கான விதிகள் பரவின. நடக்க முடியாத வீரரும் குகைக்குள் போகலாம். 2023 ஜனவரியில், பாத்திரத்தின் வயிற்றையும் தோளையும் நேரடியாகப் பிடித்து இழுத்துச் செய்யக்கூடிய 'த சிம்ஸ் 4' கேமில் காதுகேட்கும் கருவியை இலவசமாகச் சேர்த்தார்கள். சின்னக் கருவிதான், காதுக்குப் பின்னால். பெரியவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் போடலாம்.

உங்கள் வீட்டுப் பிள்ளை இப்படியான கேம் விளையாடினால், ஆளைச் செய்யும் அந்தத் திரையை ஒரு தடவை காட்டச் சொல்லிப் பாருங்கள். ஸ்லைடரைக் கடைசிவரை இழுக்கச் சொல்லுங்கள். என்ன உருவம் வந்தது என்று கீழே எழுதுங்கள், வாசிக்கிறேன்.