தரை டிக்கெட்டும் கட்சிக் கொடியும்

அ.தி.மு.க. முதன்முதலாக ஆட்சிக்கு வந்தது எங்கள் புதுச்சேரியில்தான், 1974 மார்ச்சில். முதலமைச்சர் எஸ். ராமசாமி. மாதம் முடிவதற்குள் அந்த ஆட்சி கவிழ்ந்துவிட்டது. ஆனாலும் தொடங்கி ஒன்றரை வருஷம்கூட ஆகாத கட்சிக்கு அது எப்படிக் கூடியது? பாகூர்ப் பக்கம் டூரிங் கொட்டகையில் மெஷின் ஓட்டியவனுக்கு அதில் பெரிய ஆச்சரியம் இல்லை.

கொட்டகையில் இரண்டு விதப் பிரசாரம் ஓடியது. ஒன்று சர்க்காருடையது. 1948-இல் தொடங்கிய பிலிம்ஸ் டிவிஷன் எடுத்த செய்திப்படத்தைக் கட்டாயம் போட்டாக வேண்டும். லைசென்ஸ் நிபந்தனை அது. நாங்கள் நியூஸ் ரீல் என்போம். அமைச்சர் அணை திறப்பார், ரிப்பன் வெட்டுவார். டவுன் தியேட்டர்களில் தேய்ந்து எங்களிடம் வருவதற்குள் மாதக்கணக்கில் பழசாகிவிடும். பாகூர் ஏரி தளும்பும் ஐப்பசியில் வறட்சி நிவாரணம் காட்டியிருக்கிறேன். ஜனங்கள் அது முடியும்வரை வெளியே நின்று பீடி குடிப்பார்கள்.

இன்னொன்றைக் காசு கொடுத்துப் பார்த்தார்கள். ‘நாடோடி மன்னன்’ (1958) தொடங்கும்போது, எம்ஜியார் பிக்சர்ஸ் சின்னத்தில் ஓர் ஆணும் பெண்ணும் தி.மு.க. கொடி பிடித்து நிற்பார்கள். அதற்கே விசில் பறக்கும். ‘காஞ்சித் தலைவன்’ (1963) பல்லவ அரசன் கதை. தரை டிக்கெட்டுக்காரருக்கு அது அண்ணாவின் பெயர். சென்சாருக்குப் பிடிபடாத ஜாடையையும் எங்கள் ஜனம் பிடித்துவிடும். 1969-இல் புதுச்சேரியில் பாரூக் தலைமையில் தி.மு.க. ஆட்சி அமைந்ததில் இந்தப் படங்களுக்கும் பங்கு உண்டு.

1972 அக்டோபரில் எம்.ஜி.ஆர். தனிக்கட்சி கண்டார். பழைய ரீல்கள் அப்படியே சுற்றிக்கொண்டிருந்தன. புதுக்கட்சிக் கொடியும் அதே கறுப்பு சிவப்புதான், நடுவில் அண்ணா. எங்களிடம் ஒரே மெஷின். ரீல் மாற்ற விளக்கைப் போட்டால் மணலில் வாய்ச்சண்டை தொடங்கிவிடும்.

“அந்தக் கொடி எங்க கொடிய்யா!”

“கொடிய நீ வச்சுக்க, ஆள எங்களுக்கு விடு!”

மொத்த அரசியலும் அந்தப் பதிலில் இருந்தது. கட்சி தன் கொடியை வளர்ப்பதாக நினைத்துப் படம் எடுத்தது. ஊர் ஒரு முகத்தை வளர்த்தது. அந்த முகம் புறப்பட்டபோது ஓட்டும் கூடவே போயிற்று.

1993-இல் சன் டிவி, 1999-இல் ஜெயா டிவி. அவரவர் கட்சிச் சேனல் அவரவர் வீட்டுக் கூடத்துக்கே வந்துவிட்டது. எங்கள் திரையிலும் பொய் ஓடத்தான் செய்தது. ஆனால் அதை மறுத்துக் கூச்சல் போட எதிர்க்கட்சிக்காரர் நாலு முழம் தள்ளி உட்கார்ந்திருந்தார்.