ஒரு பூ, ஒரு படையெடுப்பு, ஒரு மைக்ராஸ்கோப்

இந்த எபிசோடில் ஒரு சின்னப் பூவைப் பிடிச்சுக்கிட்டு ஒரு போருக்குள்ளே போகப் போறோம்.

பூவோட பெயர் பெய்லியா. சூரியகாந்திக் குடும்பம். இந்தப் பேரினத்தில் மொத்தமே மூணு இனம்தான். அமெரிக்காவின் தென்மேற்கிலும் வடக்கு மெக்சிகோவிலும் உள்ள பாலைவனங்களில் வளருது. இலையெல்லாம் சாம்பல் நிறத்தில் பஞ்சு ஒட்டின மாதிரி இருக்கும். உச்சியில் பளிச்சுனு மஞ்சள் பூ. வாடினாலும் இதழ்கள் உடனே உதிராது. காகிதம் மாதிரி காய்ந்து அப்படியே நிற்கும்.

1846-ல் அமெரிக்கா மெக்சிகோ மேல் போர் அறிவித்தது. ஜெனரல் கியர்னியின் படை லெவன்வொர்த் கோட்டையிலிருந்து கலிபோர்னியாவுக்குக் கிளம்பியது. கூடவே போனார் லெப்டினன்ட் வில்லியம் எமரி. வரைபடம் போடுறதுதான் அவர் வேலை. வழியில் செடிகளையும் சேகரித்தார். ஹீலா நதிக்கரையில் களைத்து வந்த அந்தப் படைக்கு உணவு கொடுத்தவங்க பீமா பழங்குடி மக்கள்.

1848 பிப்ரவரியில் ஒப்பந்தம் கையெழுத்தாச்சு. கலிபோர்னியா உட்பட பெரும் நிலப்பரப்பு மெக்சிகோவின் கையை விட்டுப் போச்சு. அதே வருஷம் எமரியின் ராணுவ அறிக்கை அச்சானது. அதில் செடிகள் பற்றிய பகுதியை எழுதினவர் ஜான் டோரி. ஹார்வி, ஆசா கிரே என்ற இரண்டு தாவரவியலாளர்கள் வைத்த 'பெய்லியா' என்ற பெயர் அங்கேதான் அச்சேறியது.

யார் அந்த பெய்லி? ஜேக்கப் விட்மன் பெய்லி, வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரியில் வேதியியல் பேராசிரியர். எமரி படிச்சதும் அதே கல்லூரியில்தான். பெய்லியின் உலகம் மைக்ராஸ்கோப். அட்லான்டிக் அடியிலிருந்து எடுத்த சேற்றில் நுண்ணிய ஓடுகளைக் கண்டு சொன்னவர் அவர். 1852-ல் ஹட்சன் நதியில் 'ஹென்றி கிளே' நீராவிக் கப்பல் தீப்பிடித்தப்போ மனைவியையும் மகளையும் இழந்தார். 1857-ல், 45 வயசில், அவரும் போய்ட்டார்.

பெய்லி மேல் எனக்கு எந்தக் குறையும் இல்லை. ஆனா ஒண்ணு யோசிங்க. பீமா மக்கள் அந்த நிலத்தில் தலைமுறை தலைமுறையா விவசாயம் பண்ணிட்டிருந்தாங்க. அறிவியல் ஏட்டில் ஏறினது, அந்த நிலத்தைப் பிடிக்க வந்த படையின் அறிக்கையில் இருந்த பெயர். அடுத்த தடவை ஒரு செடியோட லத்தீன் பெயரைப் பார்த்தா, அதை யார், எந்த வருஷம், எதுக்காக அங்கே போனப்போ எடுத்தாங்கன்னு தேடிப் பாருங்க.