விடுபட்டிருந்த ஒரு சொல்

ஆப்பிரிக்காவின் ஆழமற்ற ஏரிகளிலும் சதுப்புகளிலும் வாழும் கருங்கொக்கு இரை தேடும் விதம் விசித்திரமானது. இரண்டடி நடக்கும். சட்டென்று இரு சிறகுகளையும் முன்பக்கமாக விரித்து, தலைக்கு மேல் முழுக்குடை பிடித்துவிடும். குடைக்குள் குனிந்து, நிழல் விழுந்த நீரைச் சில நொடிகள் உற்றுப் பார்க்கும். கொத்தும். குடையை மடக்கிக்கொண்டு நகரும். நிழலை நாடிச் சிறுமீன்கள் வருகின்றன என்றும், நீர்ப்பரப்பின் கண்கூச்சம் குறைவதால் மீன் தெளிவாகத் தெரிகிறது என்றும் விளக்கம் தருகிறார்கள்.

சிறகு குடை பிடிப்பதற்காக உருவாகவில்லை என்பதில் யாருக்கும் சந்தேகம் இருக்க முடியாது. ஆனால் இந்தக் கொக்கின் பிழைப்பில் குடைக்குப் பெரும் பங்கு உண்டு. உருவான காரணம் ஒன்று, இப்போதைய பயன் வேறொன்று என்னும் இந்த நிலையைக் குறிக்க, எல்லோரும் ஏற்ற ஒரு சொல் உயிரியலில் நெடுங்காலம் இல்லை. 1982-இல் 'பேலியோபயாலஜி' இதழில் ஸ்டீபன் ஜே கூல்டும் எலிசபெத் வெர்பாவும் எழுதிய கட்டுரை அந்தச் சொல்லைத் தந்தது: எக்ஸாப்டேஷன். வடிவங்களைப் பற்றிய அறிவியலில் விடுபட்டுப்போன சொல் இது என்று கட்டுரையின் தலைப்பிலேயே அவர்கள் அறிவித்தார்கள். கருங்கொக்கின் குடையும் அவர்கள் காட்டிய சான்றுகளில் ஒன்று.

கூல்டு ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் நத்தைகளை ஆராய்ந்தவர். அறிவியலைப் பொது வாசகருக்கு எழுதியதில் உலகப் புகழ் பெற்றவர். வெர்பா தென்னாப்பிரிக்காவின் பிரிட்டோரியாவில், டிரான்ஸ்வால் அருங்காட்சியகத்தில், இரலைகளின் புதைபடிவங்களை ஆராய்ந்தவர். கூல்டின் புகழில் வெர்பாவின் பெயர் பலமுறை மறைந்துபோவதுண்டு. அது நியாயமல்ல, சொல் இருவருடையது.

சொல்லின் உறுப்புகள் லத்தீனிலிருந்து வந்தவை. 'ஆப்டஸ்' என்றால் பொருந்தியது. 'அட்' என்ற முன்னொட்டு 'நோக்கி' எனப் பொருள்படும். ஆகவே 'அடாப்டேஷன்' என்பது ஒரு பொருத்தத்தை நோக்கி இயற்கைத் தேர்வு செதுக்கித் தந்த பண்பு. 'எக்ஸ்' என்றால் 'இருந்து'. முன்பே இருந்த வடிவத்திலிருந்து கிடைத்த பொருத்தம் எக்ஸாப்டேஷன். இரண்டையும் சேர்த்துச் சொல்ல 'ஆப்டேஷன்' என்று மூன்றாவது சொல்லையும் அவர்கள் படைத்தார்கள். அது வேரூன்றவே இல்லை.

இந்த வேறுபாட்டின் விதையைத் தூவியவர் அமெரிக்க உயிரியலாளர் ஜார்ஜ் வில்லியம்ஸ். ஓர் உறுப்பு தரும் எல்லாப் பயனையும் அதன் 'பணி' என்று சொல்லிவிடக் கூடாது, சில வெறும் 'விளைவு' மட்டுமே என்று 1966-இல் வெளிவந்த தம் நூலில் அவர் வாதிட்டார். அவர் எடுத்துக்கொண்ட ஓர் உதாரணம் பறக்கும் மீன். நாகப்பட்டினம் கடற்கரையில் கோலா என்று பெயர் பெற்ற மீன்தான். அது நீரைவிட்டு எழும்பிக் காற்றில் வழுக்கிச் செல்வதற்கு அகன்ற துடுப்புகள் உதவுகின்றன. அங்கே விளக்கம் தேவை. மறுபடி நீரில் விழாவிட்டால் மீன் செத்துப்போகும். விழுவது அதற்கு மிகமிக அவசியம். ஆனால் விழுவதற்கென்று மீனிடம் தனி ஏற்பாடு எதையும் தேட வேண்டியதில்லை. எடை இருக்கிறது, பூமி இழுக்கிறது, அவ்வளவுதான். ஒரு பயன் எத்தனை பெரியது என்பது, அதற்காகவே அது உருவானதா என்ற கேள்விக்கு விடையாகாது.

சொல் இல்லாத காலத்திலும் பொருள் டார்வின் கண்ணில் பட்டிருந்தது. 1859-இல் வந்த 'உயிரினங்களின் தோற்றம்' நூலின் ஆறாம் அத்தியாயத்தில் இரண்டு அருமையான இடங்கள் உண்டு. பாலூட்டிக் குட்டிகளின் மண்டையோட்டில் எலும்புகள் ஒட்டாமல் இடைவெளி விட்டிருப்பது பிரசவத்துக்காகவே அமைந்த ஏற்பாடு என்று சொல்லப்பட்டதை எடுத்துக்கொண்டு, முட்டையை உடைத்து வெளியே வரும் பறவைக்குஞ்சுக்கும் ஊர்வனவற்றின் குட்டிக்கும் அதே இடைவெளி இருப்பதை அவர் சுட்டுகிறார். பிரசவத்துக்கு அது உதவுகிறது, சில வேளைகளில் இன்றியமையாததும் ஆகிறது. ஆனால் பிரசவம் என்ற ஒன்று வருவதற்கு முன்பே அது இருந்தது. அடுத்தது கழுகு. பிணந்தின்னிக் கழுகின் தலை மொட்டையாக இருப்பது அழுகிய உடலுக்குள் தலையை நுழைப்பதற்காக என்பார்கள். சுத்தமான தீனி தின்னும் ஆண் வான்கோழியின் தலையும் மொட்டைதானே என்கிறார் டார்வின். ஒப்பிட்டுப் பார்க்க ஓர் உறவினரைத் தேடிப்பிடிக்கும் அந்த உத்தி, இன்றைக்கும் எக்ஸாப்டேஷனை அடையாளம் காணும் அடிப்படை உத்தி.

டார்வினை எதிர்த்த செயின்ட் ஜார்ஜ் மிவார்ட் 1871-இல் கேட்ட கேள்வி கடினமானது. முழுச் சிறகு பறக்க உதவும், சரி. சிறகின் தொடக்கக் கட்டத்தால் என்ன பயன்? பயனில்லாததை இயற்கை எப்படிப் படிப்படியாக வளர்த்திருக்கும்? பயன் மாறியிருக்கலாம் என்பதே டார்வின் தந்த விடையின் சாரம். 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், பிரெஞ்சு விலங்கியலாளர் லூசியன் கேனோ போன்றோர் இந்தக் கருத்துக்கு 'பிரீஅடாப்டேஷன்', அதாவது முன்தகவமைப்பு என்ற பெயரைப் பரப்பினார்கள். பல பத்தாண்டுகள் பாடநூல்கள் அதையே சொல்லின. கூல்டும் வெர்பாவும் அந்தப் 'பிரீ'யைத்தான் பொறுக்கவில்லை. பின்னால் தேவைப்படும் என்று தெரிந்து இயற்கை முன்கூட்டியே தயார் செய்து வைத்தது போன்ற எண்ணத்தை அது தருகிறது. பரிணாமத்துக்கு முன்னோக்கு கிடையாது என்று ஒருபக்கம் சொல்லிவிட்டு மறுபக்கம் இந்தப் பெயரைப் பயன்படுத்துவதால், ஆசிரியர்கள் ஒவ்வொரு முறையும் மன்னிப்புக் கேட்பதுபோல் ஒரு விளக்கத்தைச் சேர்க்க வேண்டியிருந்தது.

1982-க்கு முன் இன்னொரு படியும் உண்டு. 1979-இல் கூல்டும் மரபியலாளர் ரிச்சர்ட் லெவோன்டினும் வெனிஸ் நகரின் புனித மார்க் தேவாலயத்தைக் காட்டி ஒரு வாதம் செய்தார்கள். குவிமாடத்தைத் தாங்கும் வளைவுகள் சந்திக்கும்போது இடையில் முக்கோணப் பரப்புகள் தாமாகவே விழுகின்றன. அவற்றில் வரையப்பட்ட சித்திரங்கள் அவ்வளவு கச்சிதமாகப் பொருந்துவதால், சித்திரத்துக்காகவே கட்டடம் கட்டப்பட்டதோ என்றுகூடத் தோன்றும். அந்தப் பரப்புகளுக்கு அவர்கள் இட்ட 'ஸ்பாண்ட்ரல்' என்ற பெயர் கட்டடக்கலையில் வேறொன்றைக் குறிக்கும், சரியான பெயர் 'பெண்டென்டிவ்' என்று பின்னர் தத்துவவியலாளர் டேனியல் டென்னட் உள்ளிட்டோர் திருத்தினார்கள். பெயர் தவறினாலும் வாதம் நின்றது: உயிரினத்தின் ஒவ்வொரு அங்கத்துக்கும் ஒரு நோக்கத்தைக் கற்பிக்கும் பழக்கம் ஆபத்தானது.

தமிழ்ப் பாடநூல்களில் அடாப்டேஷனுக்குத் தமிழ்நாட்டில் 'தகவமைப்பு' என்றும் இலங்கையில் 'இசைவாக்கம்' என்றும் வழக்கு. இரண்டும் நல்ல சொற்கள். ஆனால் அவற்றின் கீழ் வரும் பட்டியலில் பயன் மட்டும் இருக்கும்; அந்த உறுப்பு முதலில் எங்கே, எதற்காகத் தோன்றியது என்ற கேள்வி இருக்காது. இங்கே குறை மொழியுடையது அல்ல. 1982-க்கு முந்தைய ஆங்கிலப் பாடநூல்கள் பலவும் அப்படித்தான் இருந்தன.

இறகின் கதை எக்ஸாப்டேஷன் என்ற சொல்லுக்குப் பெயர் தேடித் தந்தது. கட்டுரை வெளியானபோது சான்று மறைமுகமானது. பறவைகள் டைனசோர்களின் வழித்தோன்றல்கள் என்ற கருத்தை ஜான் ஆஸ்ட்ரம் 1970-களில் மீண்டும் நிலைநாட்டியிருந்தார்; 1861-இல் ஜெர்மனியில் கிடைத்த ஆர்க்கியாப்டெரிக்ஸ் நன்றாகப் பறக்கும் உடல்வாகு கொண்டதல்ல என்றும் வாதிட்டிருந்தார். இறகு முதலில் உடல் வெப்பத்தைக் காக்க வந்திருக்கலாம் என்ற ஊகத்தின்மேல்தான் கூல்டும் வெர்பாவும் நின்றார்கள். 14 ஆண்டுகள் கழித்துச் சீனாவின் லியாவோனிங் மாகாணத்திலிருந்து சைனோசாரோப்டெரிக்ஸ் வந்தது. சிறகே இல்லாத சிறு டைனசோர். முதுகு நெடுகிலும் வால் நெடுகிலும் இழை இழையாக மென்தூவி. 2010-இல் அந்தத் தூவிகளில் நிறமித் துகள்களின் தடயத்தை நுண்ணோக்கியில் கண்டு, வாலில் செம்பழுப்பு வளையங்கள் இருந்தன என்று அறிவித்தார்கள். 2012-இல் யூடிரானஸ் கிடைத்தது: 9 மீட்டர் நீளம், ஒரு டன்னுக்கு மேல் எடை, உடலில் தூவி. பறக்கும் பேச்சுக்கே அங்கு இடமில்லை. வெப்பம் காக்கவோ, கண்ணில் படவோ வந்த தூவி பின்னால் பறத்தலில் சேர்ந்தது. பறவைகளுள் ஒன்றான கருங்கொக்கு அதைக் குடையாகவும் ஆக்கியது.

காதின் கதை இன்னும் பழையது, ஒருவிதத்தில் இன்னும் உறுதியானது. மனிதனின் நடுச்செவியில் சுத்தி, பட்டடை, அங்கவடி என மூன்று சிற்றெலும்புகள். ஊர்வனவற்றுக்கு அங்கவடிக்கு இணையான ஒன்றுதான் உண்டு. மற்ற இரண்டும் எங்கிருந்து வந்தன? 1837-இலேயே, டார்வின் நூலுக்கு 22 ஆண்டுகளுக்கு முன், ஜெர்மன் உடற்கூறியலாளர் கார்ல் ரைஹெர்ட் கருக்களை அறுத்துப் பார்த்து விடை சொன்னார்: ஊர்வனவற்றில் மேல்தாடையும் கீழ்த்தாடையும் பூட்டிக்கொள்ளும் மூட்டின் இரு எலும்புகளே பாலூட்டியில் சுத்தியும் பட்டடையும் ஆகின்றன. தாடை மூட்டு காதுக்குப் போகும் இடைக்காலத்தில் விலங்கு எப்படி மென்றது என்று கேட்டவர்களுக்குப் புதைபடிவங்கள் பதில் வைத்திருந்தன. சுமார் 20 கோடி ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த மார்கனுகோடான் என்ற மூஞ்சூறு போன்ற உயிரிக்குப் பழைய மூட்டும் புதிய மூட்டும் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. மெல்லும் பாரம் புதிய மூட்டுக்கு மாறியபின் பழைய எலும்புகள் ஒலியைக் கடத்தும் வேலையில் மட்டும் நிலைத்தன. இன்றும் ஒப்போசம் குட்டி பிறக்கும்போது பழைய மூட்டைக் கொண்டே வாயசைக்கிறது. புதிய மூட்டு பிறந்த பிறகே உருவாகிறது.

என்றாலும் இந்தச் சொல்லின் வலிமை எலும்பிலும் இறகிலும் இருப்பதைவிட மூலக்கூறுகளில் அதிகம். கண்வில்லை கண்ணாடிபோல் தெளிவாக இருக்கக் காரணம் கிரிஸ்டலின் என்ற புரதங்கள். ஒளியை வளைப்பதற்கென்றே படைக்கப்பட்டவை என்று யாரும் நினைப்பார்கள். எக்ஸாப்டேஷன் என்ற சொல் பிறந்த அதே 1982-இல், பாலூட்டிகளின் ஆல்ஃபா கிரிஸ்டலின், பழ ஈயின் செல்கள் சூட்டில் வாடும்போது மற்றப் புரதங்கள் சிதையாமல் தாங்கும் சிறு புரதங்களின் உறவு என்று தெரியவந்தது. 1987-இல் இன்னும் பெரிய வியப்பு. வாத்தின் கண்வில்லையில் நிறைந்துள்ள ஒரு கிரிஸ்டலின், லாக்டேட் டீஹைட்ரோஜினேஸ் என்ற நொதியேதான். இரத்தப் பரிசோதனைச் சீட்டில் 'எல்.டி.எச்.' என்று வருமே, அதே நொதி. ஒரே மரபணு, மற்றத் திசுக்களில் சர்க்கரையைக் கையாளும் வேலை, கண்ணில் ஒளியை வளைக்கும் வேலை. கோழியின் கண்ணில் வேறொரு நொதி, கினிப்பன்றியின் கண்ணில் மற்றொன்று. ஏராளமாகக் கரைந்தும் கலங்காமல் நிற்கக்கூடிய எந்தப் புரதம் அந்தந்த மரபுவழியில் கைக்குக் கிடைத்ததோ அது கண்ணுக்குப் போயிருக்கிறது. இதில் கற்பனைக்கு இடமே இல்லை. வரிசையை எழுத்தெழுத்தாக ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

அடுத்து சின்சிடின். மனிதக் கருவின் நஞ்சுக்கொடியில் தாயின் இரத்தத்தைத் தொட்டு நிற்கும் அடுக்கு, பல செல்கள் ஒன்றாக உருகி இணைந்த ஒரே படலம். அந்த இணைப்பைச் செய்யும் புரதம் ஒரு ரெட்ரோவைரஸின் உறைப்புரதம் என்று 2000-இல் கண்டறிந்தார்கள். வைரஸ் செல்லோடு ஒட்டிக்கொள்ளப் பயன்படுத்திய கருவி, செல்லைச் செல்லோடு ஒட்டும் கருவியானது. எலிகளிலும் இதே வேலைக்கு ஒரு சின்சிடின் உண்டு. அது வேறொரு வைரஸிலிருந்து தனியாக வந்தது. 2009-இல் ஆய்வாளர்கள் அந்த மரபணுவை முடக்கியபோது எலிக்கருக்கள் வயிற்றிலேயே இறந்தன. தொற்றாக வந்தது பிறப்புக்குத் தேவையாகிவிட்டது.

எதிர்ப்பும் உண்டு, அதில் நியாயமும் உண்டு. எந்த உறுப்புதான் வெறுமையிலிருந்து வந்தது? போதுமான அளவு பின்னோக்கிப் போனால் எல்லாத் தகவமைப்பும் எக்ஸாப்டேஷனாகவே முடியும் என்று 1995-இல் டென்னட் எழுதினார். கூல்டும் வெர்பாவும் இதை எதிர்பார்க்காதவர்கள் அல்லர். தூவி பறத்தலுக்கு வந்தது எக்ஸாப்டேஷன். பின் பறக்கும் இறகில் ஒருபுறம் குறுகி மறுபுறம் அகன்றது பறத்தலுக்கே உரிய இரண்டாம் நிலைத் தகவமைப்பு என்று அவர்களே அடுக்கடுக்காகப் பிரித்தார்கள். சொல்லை ஓர் உறுப்பின் நிரந்தரப் பட்டமாக ஒட்டாமல், அதன் வரலாற்றில் ஒரு திருப்பத்துக்கு மட்டும் பயன்படுத்தினால் டென்னட்டின் வாதம் பெரிதாக இடிக்காது. ஆனால் எல்லோரும் அவ்வளவு கவனமாக இருந்ததில்லை. பழையது புதிய வேலைக்கு வந்த எதற்கும், தொழில்நுட்பப் புதுமைக்கும்கூட, இந்தச் சொல்லைத் தூவுவது வழக்கமாகிவிட்டது. மூலக்கூறு உயிரியலாளர்கள் பலர் 'கோ-ஆப்ஷன்' என்ற எளிய சொல்லுக்கே போய்விட்டார்கள்.

மொழியியலுக்குச் சென்றபோது மட்டும் அது நல்ல கைகளில் சேர்ந்தது. கேப்டவுனில் பணியாற்றிய ரோஜர் லாஸ் 1990-இல் காட்டிய சான்றுகளில் ஒன்று ஆஃப்ரிகான்ஸ் மொழி. டச்சு மொழியில் பெயரடையின் இறுதியில் வரும் 'எ' விகுதி பெயர்ச்சொல்லின் பாலோடு தொடர்புடையது. ஆஃப்ரிகான்ஸில் பால் வேறுபாடே அழிந்துபோனது. விகுதி வேலையில்லாமல் நின்றது. அது உதிர்ந்துபோகவில்லை. பெயரடையின் சொல்லமைப்பைப் பொறுத்து சில பெயரடைகளோடு வரும், சிலவற்றோடு வராது என்ற புதிய ஒழுங்கில் அமர்ந்துகொண்டது.

உயிரியலில் சொல்லை அளவிடக்கூடியதாக மாற்றிய முயற்சி 2013-இல் நடந்தது. சூரிச்சில் ஆதித்ய பர்வேயும் ஆண்ட்ரியாஸ் வாக்னரும் பாக்டீரியாவின் வளர்சிதை வினைகளைக் கணினியில் தாறுமாறாகக் கலைத்து, குளுகோஸ் ஒன்றை மட்டும் உண்டு பிழைக்க வேண்டும் என்ற ஒரே நிபந்தனையோடு நூற்றுக்கணக்கான வலைப்பின்னல்களை உருவாக்கினார்கள். அவற்றில் மிகப் பெரும்பாலானவை, யாரும் கேட்காமலேயே, வேறு சில கார்பன் உணவுகளிலும் பிழைக்கக்கூடியவையாக இருந்தன. அந்தக் கூடுதல் திறன்கள் எதற்காகவும் தேர்ந்தெடுக்கப்பட்டவை அல்ல. குளுகோஸ் தீர்ந்து வேறொரு சர்க்கரை மட்டும் கிடைக்கும் இடத்தில் அந்த பாக்டீரியா விழுந்தால் அவையே அதன் உயிரைக் காக்கும்.